பழைய ஒளிநாடாக்களைக் காத்தல்: குமுளி மலைப்பகுதியை முன்னிட்டு ஒரு பாடம்

கேரள மாநிலத்து இடுக்கி மாவட்டத்தின் கிழக்கெல்லையில், தேனி மாவட்டத்தை ஒட்டி, கடல்மட்டத்திற்கு மேல் ஏறக்குறைய 900 மீட்டர் உயரத்தில் அமைந்திருப்பது குமுளி. ஏலக்காய், மிளகு வாணிகத்தாலும், தேக்கடி ஏரியைக் காண வரும் பிரயாணிகளாலும் பெயர் பெற்ற இவ்வூரில் தமிழும் மலையாளமும் ஒரே கடைத்தெருவில் வழங்குகின்றன. இவ்வூரிலும், மலைக்குக் கீழே கம்பம் பள்ளத்தாக்கிலும், பல வீடுகளில் அலமாரியின் மேல்தட்டில் துணியில் சுற்றியோ தகரப் பெட்டியில் இட்டோ வைக்கப்பட்டிருக்கும் ஒரு பொருளைப் பற்றியதே இக்கட்டுரை. அது கையளவான கறுப்புப் பிளாஸ்டிக் பேழை. உள்ளே பழுப்பு நிற நாடா. மக்கள் அதனை வீடியோ கேசட் என்பர். பெரும்பாலும் அதில் இருப்பது ஒரு திருமணம்.

1980-களிலும் 1990-களிலும் நடைபெற்ற திருமணங்கள், காதுகுத்து விழாக்கள், பள்ளி ஆண்டு விழாக்கள் முதலியவற்றுள் அசையும் படமாகப் பதிவானவை பெரும்பாலும் இந்நாடாக்களிலேயே உள்ளன. அவற்றை ஓட்டிக் காட்டும் ‘டெக்கு’ என்னும் கருவி இன்று வீடுகளில் இல்லை; இருந்தாலும் ஓடுவதில்லை. நாடாவும் மலைக்காற்றின் ஈரத்தில் ஆண்டுதோறும் கெட்டு வருகின்றது. ஆகவே இரண்டு கடிகாரங்கள் ஒரே சமயத்தில் ஓடிக்கொண்டிருக்கின்றன: ஒன்று நாடாவின் ஆயுள், மற்றொன்று கருவியின் ஆயுள். இரண்டாவதே முன்னதாக நிற்கும் என்பது அறிஞர் பலரின் கருத்து.

நாடாவில் படம் எவ்வாறு பதிகின்றது?

ஒளிநாடா என்பது பாலியெஸ்டர் என்னும் மெல்லிய பிளாஸ்டிக் தளத்தின் மீது, காந்தத் துகள்களை ஒருவகைப் பசையில் குழைத்துப் பூசியதாகும். வீடுகளில் வழங்கிய வி.எச்.எஸ். வகை நாடாவின் அகலம் 12.7 மி.மீ.; கனம் சுமார் 20 மைக்ரான், அதாவது ஒரு மில்லிமீட்டரில் ஐம்பதில் ஒரு பங்கு. மூன்று மணி நேரம் ஓடும் பேழையில் ஏறக்குறைய 250 மீட்டர் நாடா சுற்றப்பட்டிருக்கும்.

ஒலியைக் காட்டிலும் படத்திற்கு அலைவெண் மிகமிக அதிகம். அவ்வளவு விரைவான மாறுதல்களைப் பதிய வேண்டுமானால், பதியும் காந்தமுனை நாடாவின் மீது மிக விரைவாகச் செல்ல வேண்டும். நாடாவையே விரைவாக ஓட்டிப் பார்த்தவர்களும் உண்டு. பிரிட்டிஷ் ஒலிபரப்புக் கழகம் 1958-ம் ஆண்டில் காட்டிய வெரா என்னும் பொறியில் நாடா வினாடிக்கு 5 மீட்டர் ஓடிற்று. பெரிய சக்கரம் முழுவதும் சுமார் கால் மணி நேரத்தில் தீர்ந்துவிடும். அதற்கு முன்பே, 1956-ம் ஆண்டு ஏப்ரலில், அமெரிக்காவின் ஆம்பெக்ஸ் கம்பெனியார் வேறு வழி கண்டிருந்தனர். நாடா மெதுவாகச் செல்லட்டும், காந்தமுனை சுழலட்டும் என்பதே அவ்வழி. இந்த எளிய எண்ணத்தின் வழியிலேயே பின்வந்த ஒளிநாடாப் பொறிகள் அமைந்தன.

வி.எச்.எஸ். முறை 1976-ம் ஆண்டில் ஜப்பானில் வெளிவந்தது. இதில் 62 மி.மீ. விட்டமுள்ள உருளை ஒன்று வினாடிக்கு 25 முறை சுழல்கின்றது. உருளையின் எதிரெதிர்ப் பக்கங்களில் இரண்டு காந்தமுனைகள் உள்ளன. இவற்றையே பழுது பார்ப்போர் ‘ஹெட்டு’ என்பர். நாடா உருளையைச் சாய்வாகச் சுற்றி, வினாடிக்குச் சுமார் 23 மி.மீ. மட்டும் நகர்கின்றது. ஆனால் முனையோ நாடாவின் மீது வினாடிக்கு ஏறக்குறைய 5 மீட்டர் வேகத்தில் செல்கின்றது. ஒவ்வொரு அரைச் சுற்றிலும் சுமார் 10 செ.மீ. நீளமும் 49 மைக்ரான் அகலமும் உள்ள ஒரு சாய்ந்த கோடு பதிகின்றது. அக்கோடு படத்தின் ஒரு பாதி. இத்தகைய கோடுகள் வினாடிக்கு ஐம்பது.

வகுப்பில் ஆசிரியர்கள் செய்து காட்டத்தக்க கணக்கு ஒன்று இங்கே உள்ளது. முனையின் வேகம் வினாடிக்கு 4.87 மீட்டர்; பதியும் உயர்ந்த அலைவெண் வினாடிக்கு ஏறக்குறைய 48 இலட்சம் அதிர்வுகள். வேகத்தை அலைவெண்ணால் வகுத்தால், நாடாவில் ஓர் அலையின் நீளம் ஏறக்குறைய 1 மைக்ரான் எனக் கிடைக்கும். நாடாவுக்கும் முனைக்கும் இடையே ஓர் அலைநீளத்தின் அளவு இடைவெளி ஏற்பட்டால், அந்த அலையின் வலிமை ஐந்நூற்றில் ஒரு பங்குக்கும் கீழாகக் குறைந்துவிடும். எனவே 1 மைக்ரான் பருமனுள்ள ஒரு தூசி முனையின் கீழ்ச் சிக்கினாலே போதும், படம் மறைந்துவிடும். அடுப்புப் புகையின் துகள்கள் பல அந்தப் பருமனுக்கும் குறைந்தவையே. ஆனால் அவை திரளாகப் படிகின்றன. பழைய படங்களில் மின்னி மறையும் வெண்கோடுகளுக்குக் காரணம் இதுவே. விழாக் கூடத்திலிருந்து நேரே அடுக்களை அலமாரிக்குச் சென்ற நாடாவில் இக்கோடுகள் மிகுந்திருப்பதில் வியப்பில்லை.

பயனற்ற நாடாத் துண்டு ஒன்று கிடைக்குமாயின், வலிய காந்தம் ஒன்றை அருகே கொண்டு செல்லும்போது அத்துண்டு இழுக்கப்படுவதை மாணவர்களுக்குக் காட்டலாம். பயனற்றது என்பதை முதலில் உறுதி செய்துகொள்ள வேண்டும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

மலைக்காற்றும் நாடாவும்

காந்தத் துகள்கள் தாமாக மறப்பதில்லை. கெடுவது அவற்றைப் பிடித்திருக்கும் பசையே. பாலியூரிதேன் இனத்தைச் சேர்ந்த இப்பசை காற்றின் ஈரத்தை உறிஞ்சி, நீரினால் சிறிது சிறிதாகச் சிதைகின்றது. நாடா பிசுபிசுப்பாகி, ஓடும்போது முனைகளில் பழுப்பு மாவாக உதிர்கின்றது. இஃது ஒரு கேடு. மற்றொன்று பூஞ்சணம். காற்றின் ஒப்பு ஈரப்பதம் 65, 70 சதவீதத்திற்கு மேல் நீடித்தால் பூஞ்சணம் வளரத் தொடங்கும். குமுளியில் தென்மேற்குப் பருவமழையின்போது பல நாட்கள் 80 சதவீதத்திற்கும் மேல் ஈரம் நிற்கின்றது. ஐப்பசியில் வடகிழக்கு மழையும் வந்து சேர்கின்றது. பேழையின் சிறு கண்ணாடிச் சாளரத்தின் வழியே நோக்கினால், சுருளின் ஓரத்தில் வெண்ணிறப் பொடி படிந்திருப்பதைக் காணலாம். அத்தகைய நாடாவை எக்காரணம் கொண்டும் ஓட்டக் கூடாது. ஓட்டினால் நாடா அறுபடக் கூடும், கருவியும் கெடும், பின்னர் அக்கருவியில் இடும் நல்ல நாடாக்களுக்கும் பூஞ்சணம் பரவும்.

ஈரத்தின் இயல்பை இப்பகுதியினருக்கு விளக்குவது எளிது. பறித்த பச்சை ஏலக்காயில் ஏறக்குறைய 80 சதவீதம் ஈரம் உண்டு. ஏலக்காய் ஸ்டோரில் 45 முதல் 55 டிகிரி சென்டிகிரேடு வெப்பத்தில் உலர்த்தி அதனைப் பத்து சதவீத அளவுக்குக் கொண்டு வருகின்றனர். அவ்வாறு உலர்ந்த காயையும் மழைக்காலத்தில் திறந்து வைத்தால் மீண்டும் ஈரம் ஏறி, நிறம் மங்கி, பூசணம் பூக்கும். ஆகையால்தான் கறுப்புப் பாலித்தீன் உறையிட்ட சாக்கில் கட்டி வைக்கின்றனர். விலையுள்ள சரக்குக்குத் தரும் இதே கவனம் நாடாவுக்கும் வேண்டும். காற்றுப் புகாத பெட்டியில், துணிப்பையில் இட்ட சிலிக்கா ஜெல் மணிகளுடன் பேழைகளை நிமிர்த்தி வைப்பது நன்று. ஈரத்தால் நிறம் மாறிய மணிகளை வெளியே எடுத்துச் சூடாக்கி உலர்த்திய பின் மீண்டும் பயன்படுத்தலாம்.

ஆயினும் ஓர் எச்சரிக்கை. பசை சிதைந்த சிலவகை நாடாக்களை 50 டிகிரி அளவில் பல மணி நேரம் வைத்துத் தற்காலிகமாகச் சீர்ப்படுத்தும் முறை ஆவணக் காப்பகங்களில் கையாளப்படுகின்றது. இதனைக் கேள்வியுற்றவர், ஏலக்காய் ஸ்டோரின் வெப்பமும் அதுதானே என்று எண்ணக் கூடும். அவ்வாறு செய்தல் பெருந்தவறு. காயிலிருந்து எழும் நீராவியும் அடுப்பின் புகையும் நாடாவுக்குப் பகை, வெப்பமும் ஒரே சீராக இராது, பேழை வளையும். மேலும், அம்முறை எல்லா வகை நாடாவுக்கும் ஏற்றதன்று. அதனைத் தேர்ந்தவரே செய்ய வேண்டும். வீட்டில் செய்யத்தக்கது, குளிர்ந்த உலர் காற்றில் வாரக்கணக்கில் பொறுமையாக வைத்திருப்பதே.

குமுளியிலிருந்து மலைப்பாதையில் இறங்கினால் சில கிலோமீட்டரில் லோயர் கேம்ப். அப்பால் கூடலூர், கம்பம். அங்கே மழை குறைவு, காற்று உலர்ந்தது. ஆனால் வெயில் கடுமை. மலையின் குளிர்ச்சி நாடாவுக்கு நன்மை, ஈரம் தீமை. கீழ்நாட்டின் வறட்சி நன்மை, வெப்பம் தீமை. இரண்டில் ஒன்றைத் தேர வேண்டுமானால், மலையிலேயே ஈரமில்லாப் பெட்டியில் வைப்பது மேல் எனலாம். ஈரத்தைப் பெட்டிக்குள் தடுப்பது மலிவு. வெப்பத்தைத் தடுக்க மின்சாரம் வேண்டும்.

ஏன் விரைய வேண்டும்?

ஜப்பானின் பூனாய் கம்பெனி வி.எச்.எஸ். கருவிகள் செய்வதை 2016-ம் ஆண்டு ஜூலையில் நிறுத்திவிட்டது. அதே ஆண்டு மார்ச்சில் சோனி கம்பெனி பீட்டாமாக்ஸ் பேழைகளின் விற்பனையை முடித்துக்கொண்டது. ஆஸ்திரேலிய நாட்டுத் திரைப்பட ஒலி ஆவணக் காப்பகம், 2025-ம் ஆண்டுக்குள் எண்முறைக்கு மாற்றப்படாத காந்த நாடாக்கள் பெரும்பாலும் இழக்கப்படும் என்று 2015-ம் ஆண்டிலேயே எச்சரித்தது. யுனெஸ்கோ நிறுவனமும் 2019-ம் ஆண்டில் இதுபற்றி உலகளாவிய ஒரு விசாரணையைத் தொடங்கியது. அவர்கள் குறித்த எல்லை வந்துவிட்டது. அந்த ஆண்டோடு எல்லாம் திடீரென அழிந்துவிடவில்லை. எனினும் உதிரிப் பாகங்களும், அவற்றைப் பொருத்தத் தெரிந்த கைகளும் ஆண்டுக்காண்டு அரிதாகி வருவது மெய்.

பெரிய நிறுவனங்களும் இவ்விஷயத்தில் இழந்தவை உண்டு. நாடா விலையுயர்ந்ததாக இருந்த காலத்தில், பழைய பதிவை அழித்து அதன் மீதே புதியதைப் பதிவது பல நாடுகளின் தொலைக்காட்சி நிலையங்களில் வழக்கமாயிருந்தது. 1969-ம் ஆண்டில் மனிதன் சந்திரனில் இறங்கிய காட்சியை நேரடியாகப் பெற்ற மூல நாடாக்கள் பிற்காலத்தில் அழிக்கப்பட்டு மறுபடி உபயோகிக்கப்பட்டிருக்க வேண்டும் என்று அமெரிக்க விண்வெளித் துறை 2009-ம் ஆண்டில் அறிவித்தது. வேறிடங்களில் இருந்த ஒளிபரப்புப் பிரதிகளைக் கொண்டே அக்காட்சி பின்னர்ச் செப்பனிடப்பட்டது. நம் நாட்டில் பிரசார் பாரதியின் ஆவணக் காப்பகம் தூர்தர்ஷனின் பழைய நாடாக்களை எண்முறைக்கு மாற்றி, பலவற்றைப் பொதுமக்கள் காணவும் வெளியிட்டு வருகின்றது. ஆனால் ஒரு மலைக் கிராமத்தின் விழாவைக் காக்க எந்தத் தேசிய நிலையமும் வாராது. அது அவ்வூராரின் பொறுப்பு. அவ்வூரின் ஆசிரியரும் களப்பணியாளரும் துணை நிற்கத்தக்க வேலை.

குமுளியை அடுத்த காட்டில், எல்லைக்கோட்டருகே, மங்கலதேவி கண்ணகி கோயில் உள்ளது. பெரியாறு புலிகள் காப்பகத்திற்குள் அமைந்த அக்கோயிலுக்குச் சித்திரா பௌர்ணமி அன்று மட்டுமே பொதுமக்கள் செல்ல அனுமதி உண்டு. இரு மாவட்ட நிர்வாகங்களும் சேர்ந்து ஏற்பாடு செய்கின்றன. முப்பது ஆண்டுகளுக்கு முன் அன்றைய ஒரு நாளில் எவரேனும் எடுத்த படம் இருக்குமாயின், சிதைந்த கற்சுவர்கள் அன்று எந்நிலையில் நின்றன என்பதற்கு அதுவே சான்று. வண்டிப்பெரியாற்றுக்கு அப்பால் கவி என்னும் இடத்தில், 1964-ம் ஆண்டின் சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்தின் பின் இலங்கையிலிருந்து திரும்பிய தமிழ்க் குடும்பங்கள் கேரள வன அபிவிருத்திக் கழகத்தின் ஏலத் தோட்டங்களில் குடியமர்த்தப்பட்டன. ஒரு முறை வீடிழந்து வந்தவர்களின் முதல் தலைமுறை இன்று முதுமையடைந்துள்ளது. அவர்களுடைய குரலோ முகமோ அசைந்து பேசும் படமாக ஏதேனும் நாடாவில் இருக்குமானால், அதன் மதிப்பைக் கூறவும் வேண்டுமோ?

மாற்றும் முறை

முதலில் பேழையின் பின்பக்கத்து இடது மூலையில் உள்ள சிறிய பிளாஸ்டிக் தகட்டை ஒடித்துவிட வேண்டும். அதன் பின் தவறுதலாகவும் புதிய பதிவு ஏறாது. பின்னர், வாங்கிய நாளில் எழுதிய சீட்டு, உறை ஆகியவற்றைப் புகைப்படம் எடுத்துக்கொள்க. கருவியின் சுழல் உருளையைத் தூய மதுசாரம் நனைத்த மென்தோலால் கிடைவாக்கில் மட்டும் துடைக்க வேண்டும். மேலும் கீழுமாகத் துடைத்தால் காந்தமுனை முறியும். காது குடையும் பஞ்சுக்குச்சி கூடவே கூடாது; நூலிழை முனையில் சிக்கும். கருவியை நம்பிக்கையில்லாத நாடாவில் சோதிக்காமல், மதிப்பில்லாத நாடாவில் சோதித்தல் முறை. ஏனெனில் நலிந்த நாடா ஒரு முறையே ஓடலாம். முதல் ஓட்டத்திலேயே பதிவு நடைபெற்றுக்கொண்டிருக்க வேண்டும். ‘ஒரு தரம் பார்த்துவிட்டு அப்புறம் பதிவோம்’ என்பதால் இழந்தவை பல.

கருவியிலிருந்து வரும் சைகையில் நேர ஒழுங்கு குலைந்திருக்கும். நாடா நீண்டும் சுருங்கியும் இருப்பதால் கோடுகள் முன்பின்னாக வந்து சேரும். படத்தின் மேற்புறம் கொடிபோல் வளைவது இதனாலேயே. அதனைச் சீர்செய்யும் காலத்திருத்தி என்னும் சாதனம் இடையில் இருத்தல் நலம். அதன் பின்னர், ஒவ்வொரு புள்ளியின் ஒளிச்செறிவும் நிறமும் எண்களாக மாற்றப்படுகின்றன. இந்தியாவில் வழங்கிய பால் முறையில் ஒரு படத்திற்கு 720 பெருக்கல் 576 புள்ளிகள். வினாடிக்கு 25 படங்கள். புள்ளிக்கு 2 பைட். பெருக்கிப் பார்த்தால் வினாடிக்கு ஏறக்குறைய 2 கோடியே 7 இலட்சம் பைட். மணிக்குச் சுமார் 75 கிகாபைட். எதையும் இழக்காமல் சுருக்கும் முறைகள் உண்டு. 2021-ம் ஆண்டில் இணையப் பொறியியல் பணிக்குழுவின் ஆவணமாக வெளியிடப்பட்ட எஃப்.எஃப்.வி.1 முறை அவற்றுள் ஒன்று. அதனால் அளவு பாதியாகவோ மூன்றில் ஒன்றாகவோ குறையும். மணிக்கு 30 கிகாபைட் எனக் கொண்டால், மூன்று மணி நேரப் பேழைகள் இருபதுக்கு 1,800 கிகாபைட். இரண்டு டெராபைட் தட்டு ஒன்றில் அடங்கும்.

காலத்தை மட்டும் சுருக்க இயலாது. அறுபது மணி நேர நாடாவுக்கு அறுபது மணி நேரம் ஆகும். நாளொன்றுக்கு ஒரு பேழை என்றால் இருபது நாட்கள். மின்தடையைக் கணக்கிட்டால் ஒரு மாதம். தை முதல் சித்திரை வரையுள்ள உலர்ந்த மாதங்களே இவ்வேலைக்கு ஏற்றவை.

எண்களாக மாறிய படத்திற்கு ஒரு தனிச்சிறப்பு உண்டு. நாடாவிலிருந்து நாடாவுக்குப் பிரதி எடுக்குந்தோறும் படம் மங்கும். ஓலைச்சுவடியிலும் பெயர்த்தெழுதுந்தோறும் பிழை புகுந்தது. எண்களின் பிரதி மூலத்தோடு ஒத்ததே. ஒத்ததா என்பதைச் சரிபார்ப்பு எண்ணால் அறியலாம். கோப்பின் எல்லா எண்களையும் குறித்த விதிப்படி கலந்து கணித்த ஒரு சிறு எண் அது. ஒரு புள்ளி மாறினாலும் அவ்வெண் மாறும். ஆனால் தட்டும் பொறியே, முன்னறிவிப்பின்றி நின்றுவிடும். எனவே மூன்று பிரதிகள் வேண்டும். அவற்றுள் ஒன்று வேறு ஊரில், கம்பத்திலுள்ள உறவினர் வீட்டில் என்றாலும் சரி, இருத்தல் வேண்டும். மூல நாடாவையும் எறிந்துவிடலாகாது.

ஏக்கமும் உண்மையும்

1688-ம் ஆண்டில் யோகன்னஸ் ஹோஃபர் என்னும் மருத்துவ மாணவர், அயல்நாட்டில் வாழ்ந்த சுவிட்சர்லாந்து நாட்டினர் ஊர் நினைவால் நலிவதை ஒரு நோயாகக் கருதி அதற்குப் பெயரிட்டார். கிரேக்கச் சொற்களால் அமைந்த அப்பெயருக்கு ‘திரும்பும் வேதனை’ என்பது பொருள். மலைநாட்டாரின் ஊர் ஏக்கத்திலிருந்து பிறந்த அச்சொல், இன்று சென்ற காலத்தின் மீதான ஏக்கத்தையே பெரிதும் குறிக்கின்றது.

ஒளிநாடா இவ்வேக்கத்தைத் தூண்டுவதற்குக் காரணம் அதன் குறைகளே என்று சொல்லத் தோன்றும். கலங்கிய சிவப்பு, அடிவிளிம்பில் துடிக்கும் கோடு, மேளத்தை மீறும் இரைச்சல்: இவை அக்காலத்தின் முத்திரைகளாகிவிட்டன. வாடகைக்குத் தொலைக்காட்சிப் பெட்டியும் டெக்கும் எடுத்து, முற்றத்தில் பாய் விரித்து, விடியும்வரை மூன்று படம் பார்த்த இரவுகளை நினைப்போருக்கு அவ்விரைச்சலும் இனிமை. ஆயினும் மாற்றுபவர் ஏக்கத்திற்கும் இடங்கொடுக்கலாகாது, அழகுணர்ச்சிக்கும் இடங்கொடுக்கலாகாது. மூலப் பிரதியில் உள்ளது உள்ளவாறே இருக்க வேண்டும். திருத்துவதானால் வேறொரு பிரதியில் திருத்துக.

செயற்கை நுண்ணறிவினால் மங்கிய முகத்தைத் தெளிவாக்கும் மென்பொருள்கள் இப்போது கைப்பேசியிலும் கிடைக்கின்றன. அவை நாடாவில் இல்லாத விவரத்தை, பிற முகங்களைக் கண்டு கற்றதைக் கொண்டு ஊகித்து நிரப்புகின்றன. கண்ணிமையும் பல்வரிசையும் தெளிவாகத் தோன்றும். அவை மணப்பெண்ணுடையவை அல்ல. இறந்துபோன பாட்டியின் முகத்தை அவ்வாறு ‘தெளிவாக்கி’, மங்கிய மூலத்தை அழித்துவிட்டால், அக்குடும்பத்திடம் எஞ்சுவது ஓர் அந்நியரின் முகமே.

முடிவாக, படம் மட்டும் போதாது. பந்தலில் நிற்கும் நாற்பது பேருள் யார் யார் என்பது எந்தக் கருவிக்கும் தெரியாது. மாற்றிய படத்தை முதியவருக்குப் போட்டுக் காட்டி, அவர் சொல்லும் பெயரையும் ஊரையும் உறவையும், எத்தனையாவது நிமிடத்தில் என்பதுடன் ஒரு தாளில் குறித்துக்கொள்ள வேண்டும். பள்ளிப் பிள்ளைகள் இதனை நன்றாகச் செய்வர். வெளியார்க்குக் காட்டுவதற்கு முன் அக்குடும்பத்தாரின் இசைவைக் கேட்டறிந்து அதே தாளில் எழுதிக்கொள்க. தாளைப் படமெடுத்துக் கோப்போடு சேர்த்து வைக்கலாம். பென்சிலால் எழுதுவது நன்று, குமுளியின் ஈரத்தில் மை கலங்கும்.